நாற்பது முதலாளிகளும் ஒரு கிணறும்

அன்று மத்தியானம் மல்லசமுத்திரத்தில் என் தங்கை இலக்கியா வீட்டில் இருந்தவர்கள், அவரவர் உட்கார்ந்த இடத்தோடு: மின்விசிறிக்கு நேர் கீழே, பக்கத்து வீட்டில் இரவல் வாங்கிப் போட்ட மெத்தை நாற்காலியில், முனைவர் மாதேஸ்வரன். அவருக்கு எதிரில் பிளாஸ்டிக் நாற்காலியின் நுனியில், எந்த நேரமும் எழுந்து நிற்கத் தயாராக, தங்கையின் புருஷன் பூபதி. சமையலறை வாசற்படியில், முறத்தில் நிலக்கடலையோடு, பூபதியின் அம்மா சௌந்திரம். கட்டிலில் நான், மடியில் பரீட்சை அட்டையும் வெள்ளைத்தாளும். இலக்கியா மட்டும் உட்காரவில்லை. கதவில் சாய்ந்து நின்றாள். அவளுடைய கையெழுத்துக்காகத்தான் நாங்கள் எல்லோரும் உட்கார்ந்திருந்தோம்.

விஷயம் இதுதான். எங்கள் அப்பா இலக்கியாவுக்கு எழுதிவைத்த மூன்று ஏக்கர், நடுவில் ஒரு கிணறு. சித்திரையிலும் தண்ணீர் வற்றாத கிணறு. மரவள்ளி, கடலை, நாலு மாடு, எல்லாம் அதை நம்பித்தான். அந்தப் பத்திரத்தைப் பாங்கியில் வைத்து, போர்வெல் போடும் ரிக்கு வண்டி ஒன்று வாங்கி, வடக்கே சத்தீஸ்கருக்கு ஓட்டுவதென்று பூபதி முடிவு செய்திருந்தார். வற்றாத கிணற்றை அடமானம் வைத்து ஊரான் நிலத்தில் தண்ணீர் தேடப் போகிற யோசனை. இதைக் கண்டுபிடிக்க ஒரு முனைவர் பட்டம் தேவைப்பட்டிருக்கிறது.

என்னைக் கூப்பிட்டது யோசனை கேட்க அல்ல. நான் கோழித்தீவன மில்லில் கடிதப் போக்குவரத்துப் பார்ப்பவன். சொந்தத்தில் யாருக்கு என்ன எழுத வேண்டியிருந்தாலும் என்னிடம்தான் வருவார்கள். பூபதி திருச்செங்கோட்டுப் பக்கம் ஓர் இன்ஜினியரிங் கல்லூரியில் ஆய்வகப் பயிற்றுநர். அந்த வேலையை விடுவதற்கான ராஜினாமா கடிதத்தை எழுதத்தான் எனக்கு அழைப்பு.

"மச்சான், மரியாதையா இருக்கோணும். ஆனா கொஞ்சம் கெத்தாவும் இருக்கோணும்," என்று முந்தின நாளே போனில் சொல்லியிருந்தார்.

அவரை முழுக்கக் குறை சொல்ல மாட்டேன். பதினோரு வருஷமாக அந்த ஆய்வகத்தில் பையன்கள் உடைத்துப் போட்டதை ஒட்ட வைத்துக்கொண்டிருக்கிறார். கூடப் படித்த இரண்டு பேர் ரிக்கு முதலாளிகள். கல்யாண வீட்டில் அவர்களுக்கு முன்வரிசையில் இலை விழுகிறது. இவரை, "ஏப்பா, நீ இன்னும் அந்தக் காலேஜ்லதான் இருக்கியா?" என்று கேட்கிறார்கள். அந்தக் கேள்வி ஒரு மனிதனை எங்கே வேண்டுமானாலும் கொண்டுபோய் விடும். இவரைக் கொண்டுபோய் விட்ட இடம்தான் மோசம்.

முனைவர் மாதேஸ்வரன் அதே கல்லூரியில் நிர்வாகவியல் துறை. நாற்பது ரிக்கு முதலாளிகளைச் சந்தித்து, வாழ்க்கையில் வெற்றி எப்படி வருகிறது என்று ஆராய்ந்து, வழவழப்பான அட்டை போட்ட புத்தகமாகவும் கொண்டுவந்துவிட்டார். வெற்றிக்கு மூன்று படிகளாம். முதற்படி: விடிகாலை நாலு மணிக்கு எழுவது. இரண்டாம் படி: உள்ளதை எல்லாம் ஒரே தொழிலில் போடுவது. மூன்றாம் படி: யாரிடமும் யோசனை கேட்காமல் இருப்பது, குறிப்பாக வீட்டாரிடம். நாற்பது பேரும் இந்த மூன்றையும் செய்தவர்களாம். நூற்றுக்கு நூறு என்று பின்னட்டையில் போட்டிருந்தது. நூற்றுக்கு நூறு வருகிற இடத்தில் ஆராய்ச்சிக்கு என்ன வேலை என்று எனக்கு அப்போதே தோன்றியது.

பூபதி மூன்று மாதமாக முதற்படியில் நின்றுகொண்டிருந்தார். நாலு மணிக்கு எழுந்து விளக்கைப் போடுவார். மாடு நாலும் பால்காரர் வந்துவிட்டார் என்று கத்தும். இலக்கியா எழுந்து வந்து, "ஏனுங்க, எந்திரிச்சு என்னதான் பண்றீங்க?" என்று கேட்டால், "தயாராவறேன்" என்பார். மத்தியானம் ஆய்வகத்தில் தூங்கி விழுவார்.

மோர் குடித்து முடித்துவிட்டு முனைவர் ஆரம்பித்தார். "பாருங்க, இது என்னோட அபிப்பிராயம் இல்ல. தரவு சொல்லுது. நாற்பது பேர்ல ஒருத்தர்கூட ஆறு மணிக்கு எந்திரிச்சவர் கிடையாது."

சௌந்திரம் அத்தை கடலையிலிருந்து தலை நிமிர்த்தாமல் சொன்னார்: "எங்க ஊட்டுக்காரரும் நாலு மணிக்குத்தான் எந்திரிச்சாரு சாமி. பால் கறக்க. கடைசி வரைக்கும் பால்தான் கறந்தாரு."

முனைவர் சிரித்தார். பெரியவர்கள் பேசினால் சிரிக்க வேண்டும் என்கிற அளவில் சிரித்தார்.

"நீங்க எத்தன மணிக்குங்க எந்திரிப்பீங்க?" என்று அத்தை விடாமல் கேட்டார்.

"நான் ராத்திரி ரொம்ப நேரம் எழுதறவன்மா. ஏழு, ஏழரை ஆயிரும்."

"அதானே. முகம் தெளிவா இருக்குது."

நான் என் வழியில் போனேன். கடிதம் எழுதுகிறவனுக்கு விவரம் வேண்டும். "இந்த நாற்பது பேரையும் எப்படிங்க பிடிச்சீங்க? விலாசம் யார் கொடுத்தாங்க?"

அவர் முகம் மலர்ந்தது. அந்தக் கேள்வியை யாராவது கேட்பார்களா என்று காத்திருந்தவர் போல. "அதுதாங்க என் ஆய்வோட சிறப்பே. புது வண்டி எடுக்கறவங்க திருச்செங்கோட்டு மலையடிவாரத்துக்குப் பூஜைக்குக் கொண்டு வருவாங்கல்ல? மாலை போட்டு, எலுமிச்சம்பழம் வெச்சு? நானும் என் மாணவர்களும் அங்கயே நின்னுட்டோம். ஒரு வருஷம். வந்த ஒவ்வொரு முதலாளியையும் பேட்டி எடுத்தோம். யாரையும் விடல."

வண்டி வாங்க வசதி உள்ளவன்தான் பூஜைக்கு வருவான். மூழ்கிப்போனவன் வண்டியை விற்றுவிட்டு வீட்டில் இருப்பான். விற்ற வண்டிக்கு யார் மாலை போடுகிறார்கள்? கல்யாண மண்டப வாசலில் நின்று, உள்ளே போகிறவர்களிடம் எல்லாம் பசிக்கிறதா என்று கேட்டு, இந்த ஊரில் எல்லோருக்கும் விருந்து கிடைக்கிறது என்று எழுதின கதை.

இதைச் சொன்னேன். அமைதியாகத்தான் சொன்னேன்.

"மச்சான்!" என்றார் பூபதி. "சார்கிட்டப் போயி..."

"பரவால்ல, பேசட்டும்," என்று முனைவர் கையமர்த்தினார். "எதிர்மறைச் சிந்தனையைப் பத்தி நாலாவது அத்தியாயத்துல எழுதியிருக்கேன்."

சரி, வாயால் சொன்னால் ஏறாது, ஆளையே காட்டுவோம் என்று குழந்தைவேலுக்குப் போன் போட்டேன். பூபதிக்குப் பெரியப்பா மகன். அதே மூன்று படியும் ஏறினவன். நாலு மணிக்கு எழுந்தான், பெண்டாட்டி நகை முதல் காடு வரை எல்லாவற்றையும் ஒரே வண்டியில் போட்டான், யார் பேச்சையும் கேட்கவில்லை. சத்தீஸ்கரில் ஒரு போர்க்குழிக்குள் பாறை உடைக்கும் ஹாமரும் பைப்பும் சிக்கி, எடுக்க முடியாமல் அப்படியே விட்டு வந்தான். பிறகு வண்டியையும் விட்டான். இப்போது சங்ககிரி ரோட்டில் ஒரு டயர் கடையில் இருக்கிறான். ஞாயிற்றுக்கிழமை ஆனதால் உடனே வந்துவிட்டான். வாசலில் செருப்பை விட்டு, முனைவருக்குக் கும்பிடு போட்டு, அடுக்கி வைத்த தீவன மூட்டைமேல் உட்கார்ந்தான்.

"சொல்லு குழந்தைவேலு. எத்தன மணிக்கு எந்திரிப்பே?" என்றேன்.

"நாலு மணிக்குங்க."

முனைவரைப் பார்த்தேன். வெற்றி என்னுடையது என்று நினைத்துவிட்டேன்.

முனைவர் முன்னால் குனிந்தார். "தினமுமா?"

குழந்தைவேல் யோசித்தான். அவ்வளவு நேர்மையாக யோசித்திருக்க வேண்டியதில்லை. "மழை நாள்ல... அஞ்சு, அஞ்சரை ஆயிருக்குதுங்க."

"பாத்தீங்களா!" என்று முனைவர் நாற்காலியின் கையைத் தட்டினார். "தொடர்ச்சி இல்ல. அப்புறம், யார்கிட்டயாவது யோசனை கேட்டீங்களா?"

"குழிக்குள்ள ஹாமர் சிக்குனப்ப, எங்க மாமனாருக்கு ஒருக்கா போன் போட்டனுங்க."

"அவ்வளவுதான்," என்றார் முனைவர்.

குழந்தைவேலின் முகத்தைப் பார்த்தேன். அவனுக்கு வருத்தம் இல்லை. ஆசுவாசம். இத்தனை வருஷமாக, ஏன் இப்படி ஆச்சு என்று தனக்குத்தானே கேட்டுக்கொண்டிருந்தவனுக்கு ஒரு பெரிய மனிதர் பதில் சொல்லிவிட்டார். மழை நாளில் தூங்கியதும் மாமனாருக்குப் போன் போட்டதும்தான் காரணம். சத்தீஸ்கர் பாறைக்கும் அதற்கும் சம்பந்தம் இல்லை.

"சார், அந்தப் பொஸ்தகம் ஒண்ணு கெடைக்குங்களா?" என்று கேட்டான்.

நான் வரவழைத்த சாட்சி, முனைவர் கையெழுத்துப் போட்டுக் கொடுத்த புத்தகத்தை மடியில் வைத்துக்கொண்டு தீவன மூட்டைமேல் உட்கார்ந்திருந்தது. பூபதி பாங்கிக் காகிதத்தை எடுத்து ஸ்டூல்மேல் வைத்தார். பேனாவைத் திறந்து இலக்கியா பக்கம் நீட்டினார்.

"போடு கண்ணு. சாரே இருக்கும்போது போட்டா நல்லது."

இலக்கியா பேனாவை வாங்கினாள். காகிதத்தைக் கடைசிவரை படித்தாள். படித்துவிட்டு முனைவரைப் பார்த்தாள்.

"சார், ரிக்கு வண்டின்னா இங்கெல்லாம் பங்கு போட்டுத்தானுங்க எடுப்பாங்க. ஒருத்தரே எடுக்கறது கம்மி."

"ஆமாமா, நல்ல வழக்கம்."

"அப்பச் சரிங்க. நீங்களும் ஒரு பங்கு சேந்துக்குங்க. எங்க கிணத்துப் பத்திரம் ஒண்ணு, திருச்செங்கோட்டுல உங்க ஊட்டுப் பத்திரம் ஒண்ணு. ரெண்டையும் ஒண்ணா வெச்சுட்டா நான் இப்பவே கையெழுத்துப் போடறனுங்க."

பூபதியின் முகம் பிரகாசமாகிவிட்டது. அவர் அதைத் தந்திரம் என்றே நினைக்கவில்லை. தன் பெண்டாட்டி கடைசியில் வழிக்கு வந்துவிட்டாள், சாரும் தானும் கூட்டு முதலாளிகள் என்றே நினைத்துவிட்டார். "ஆமாங்க சார்! நீங்க சேந்தா யாரும் ஒண்ணும் சொல்ல முடியாது. உங்களுக்குத்தான் எல்லாம் தெரியுமுங்களே!"

"இல்ல பூபதி, நான் ஆராய்ச்சியாளன். தொழில் வேற, ஆராய்ச்சி வேற..."

"நீங்க ஒண்ணும் பண்ண வேண்டாங்க. வண்டிய நான் பாத்துக்கறேன். நாலு மணிக்கு நான் எந்திரிச்சுக்கறேன். நீங்க பத்திரம் மட்டும்."

"எல்லாத்தையும் ஒரே இடத்துல போடறதுங்கறது..."

"ரெண்டாம் படிங்க சார்," என்றான் குழந்தைவேல், புத்தகத்தைப் புரட்டியபடி. உதவி செய்கிறோம் என்ற நினைப்பில்தான் சொன்னான்.

முனைவர் கைக்குட்டை எடுத்துக் கழுத்தைத் துடைத்தார். விசிறி அவர் தலைமேல்தான் ஓடிக்கொண்டிருந்தது. "அப்படி இல்ல. சும்மா இங்க உக்காந்து முடிவு பண்ற விஷயமா இது? வீட்டுல மிஸஸ்கிட்ட ஒரு வார்த்தை கேக்கணும். எங்க மாமனார் பாங்கியில இருந்தவர், அவர்கிட்டயும் கேக்கணும். நாலு பேர் யோசனை வேணுமில்லையா?"

சௌந்திரம் அத்தை ஒரு கடலையை உடைத்தார். பூபதி முனைவரையே பார்த்துக்கொண்டிருந்தார். அந்தப் பார்வையில் முதலில் மரியாதை இருந்தது. அது போக சற்று நேரம் பிடித்தது.

"ஊட்டுல கேக்கோணுங்களா சார்?" என்று மெதுவாகக் கேட்டார்.

"ஆமா, அது ஒரு... நடைமுறை."

"நான் கேக்கலீங்க. மூணு மாசமா இவகிட்ட ஒரு வார்த்தை கேக்கலீங்க. கேட்டா தோத்துப் போயிருவோம்னு நீங்க எழுதியிருந்தீங்க."

முனைவருக்கு ஈரோட்டில் ஒரு கூட்டம் இருந்தது ஞாபகம் வந்தது. யோசித்துச் சொல்கிறேன் என்றார். செருப்பை மாற்றிப் போட்டு, திரும்ப வந்து, சரியாகப் போட்டுக்கொண்டு போனார்.

கார் போனதும் குழந்தைவேல் கேட்டான்: "அவரு பங்கு சேருவாருங்களா?"

"புஸ்தகத்தப் படி," என்றாள் இலக்கியா. "எங்கியாவது எழுதியிருப்பாரு."

பூபதி நாற்காலியில் இப்போதுதான் முதுகைச் சாய்த்து உட்கார்ந்தார். பாங்கிக் காகிதத்தை எடுத்தார், மடித்தார், மறுபடி விரித்தார். கிழிக்கவில்லை. கிழிப்பார் என்று நான் எதிர்பார்த்திருந்தேன். முன்வரிசை இலை அவ்வளவு சீக்கிரம் மனசை விட்டுப் போகுமா? "சார் சேந்தா போடலாம். சேரலீன்னா வேண்டாம். அதுதான் நியாயம்," என்றார், யாரையும் பார்க்காமல்.

"வாயால சொன்னது காத்துல போயிரும், மாப்ள," என்றேன். "எழுத்துல கேப்போம்."

மடியில் இருந்த தாளில் எழுதினேன். மதிப்பிற்குரிய முனைவர் அவர்களுக்கு என்று ஆரம்பித்து, அன்று பேசினதை ஒன்று, இரண்டு என்று எண் போட்டு எழுதி, தங்கள் வீட்டுப் பத்திரத்தின் நகல் கிடைத்த அன்றே எங்கள் தரப்புக் கையெழுத்து ஆகிவிடும் என்றும், அதுவரை பூபதி வேலையில் தொடர்வார் என்றும் முடித்தேன். ராஜினாமாவுக்கென்று வாங்கின தாள், வீணாகவில்லை. சத்தமாகப் படித்துக் காட்டினேன்.

"இன்னொரு வரி போடுங்கண்ணா," என்றாள் இலக்கியா. "பதில் போடறதுக்காக நாலு மணிக்கு எந்திரிக்க வேண்டாம், மெதுவா எந்திரிச்சே போடலாம்னு."

"அது வேண்டாம் கண்ணு," என்றார் பூபதி. பிறகு என்ன நினைத்தாரோ, "சரி, போடுங்க மச்சான். பின்குறிப்பா போடுங்க," என்றார்.

போட்டேன். பூபதி கையெழுத்து வைத்தார். அதன் கீழே, யாரும் கேட்காமலே, இலக்கியாவும் வைத்தாள். வீட்டில் பசை இல்லை. அத்தை நாலு சோற்றுப் பருக்கை கொண்டுவந்து கொடுத்தார். உறையின் வாயில் வைத்துத் தேய்த்து, அழுத்தி, காயும்வரை அதன்மேல் அந்த வழவழப்பான புத்தகத்தையே பாரமாக வைத்தோம். குழந்தைவேல் பத்திரமாகத் திருப்பி வாங்கிக்கொண்டான்.

மறுநாள் பூபதி ஆறரை மணிக்கு எழுந்தார். வேலைக்குப் போகும் வழியில், மல்லசமுத்திரம் தபாலாபீஸில் நானும் கூட நிற்க, அவர் கையாலேயே ஸ்பீடு போஸ்டில் சேர்த்தார். கவுன்டரில் இருந்த அம்மா எடை போட்டு, முத்திரை குத்தி, உறையைப் பின்னால் இருந்த பைக்குள் போட்டார்.