தொட்டில் வசனம்

“ஒரு வார்த்தை சொல்லி அழுடி, ஊரே பாக்குது—”

“பாக்கட்டும்க்கா. நான் சொல்ல மாட்டேன்.”

“—கட்டினவன் பொணமாக் கெடக்கறான், நீ இன்னாடான்னா—”

“சொல்ல மாட்டேன்னா சொல்ல மாட்டேன்.”

நாத்தனார் முனியம்மாளும் அம்சவல்லியும் ஒருவர் பேச்சின்மேல் ஒருவர் ஏறிக்கொண்டிருந்தார்கள். பெஞ்சில் கிடத்தியிருந்த கோதண்டராமன் மட்டும் வாயை மூடிக்கொண்டிருந்தார். தாடையைச் சேர்த்துத் துணியால் கட்டியிருந்தது.

தோளில் கைபோட்டு வட்டமாக உட்கார்ந்திருந்த பெண்கள் காத்திருந்தார்கள். பெண்டாட்டி முதல் அடியை எடுத்துக் கொடுத்தால்தான் ஒப்பாரி நகரும்.

வல்லக்கோட்டையிலிருந்து கோடம்பாக்கம் போய்ப் படத்துக்கு வசனம் எழுதிய முதல் ஆள் அவர். மொத்தம் ஆறு படம். இரண்டில்தான் டைட்டிலில் பேர் வந்தது; மற்ற நான்கில் வேறு யாரோ பெரிய மனிதர் பேர். ஊருக்கு அது போதும், வசனக்காரர் என்றே கூப்பிட்டது.

வசனம் எங்கிருந்து வந்தது என்பது அம்சவல்லிக்குத்தான் தெரியும். படம் கிடைத்ததும் பஸ் ஏறி வீட்டுக்கு வருவார். குழம்பில் உப்பில்லை என்று ஆரம்பித்து, அவளுடைய அப்பன் வரை போவார். அவள் வாய் திறந்ததும் அவர் வாய் மூடிக்கொள்ளும். விசிறி மறைவில் பென்சில் ஓடும். தெரிந்தும் அவள் திட்டிக் கொடுத்த காலம் உண்டு. சிரிப்பாகக்கூட இருக்கும்.

தொட்டில் வரைக்கும்தான் அந்தச் சிரிப்பு.

பதினோரு மாதப் பெண் குழந்தை. ஜுரத்தில் போய்விட்டது. மூன்றாம் நாள் அவர் தொட்டில் புடவையை அவிழ்க்க வந்தபோது, “அவுக்காதீங்க. காத்தாவது ஆட்டட்டும்” என்றாள். அடுத்த பொங்கலுக்கு வாலாஜாபாத் டென்ட் கொட்டகையில், பட்டுப்புடவை கட்டிய கதாநாயகி காலித் தொட்டிலைப் பிடித்துக்கொண்டு அதையே சொன்னாள். தரை டிக்கெட்டில் பெண்கள் மூக்கைச் சிந்தினார்கள். அவர் அம்சவல்லியின் காதருகே குனிந்து, “எப்படி கீது?” என்றார்.

அதன்பிறகு பதினாலு வருஷம் அவரிடம் அவள் பேசியது “சோறு”, “தண்ணி”, “இல்லை”. அவ்வளவுதான். அவர் பானையை உடைத்துப் பார்த்தார். அவளைப் பெற்றவளைத் திட்டிப் பார்த்தார். வேறொருத்தியைக் கொண்டுவருவேன் என்றும் சொல்லிப் பார்த்தார். அவள் அரிசி களைந்துகொண்டிருந்தாள். அடுத்து எழுதிய படத்தில் தாய், மகள், வேலைக்காரி எல்லோரும் தாலுகா ஆபீஸ் மனு மாதிரியே பேசினார்கள். கம்பெனி திருப்பி அனுப்பியது. பிறகு யாரும் கூப்பிடவில்லை. தான் என்ன செய்கிறோம் என்பது அவளுக்கு நன்றாகத் தெரிந்தே இருந்தது.

நேற்று மத்தியானம், மூச்சு இழுக்கும்போதுகூட, “ஒரே ஒரு தரம் திட்டேன் அம்சா” என்றார். கஞ்சியை ஸ்பூனால் ஊட்டிவிட்டு வாயைத் துடைத்தாள்.

முனியம்மாள் ஓய்ந்த இடத்தில் கொழுந்தன் பாண்டுரங்கன் வந்து குந்தினான். அவனும் இப்போது கோடம்பாக்கத்தில் ஏதோ கம்பெனியில் உதவி வசனம்.

“மனசுல வெச்சிக்காதீங்க அண்ணி. இருக்கறத்தக் கொட்டிடுங்க” என்றான். குரல் குழைந்தது. வலது கையை மட்டும் துண்டுக்குள்ளேயே வைத்திருந்தான்.

வாய்க்கரிசி போடக் கூப்பிட்டார்கள். அம்சவல்லி எழுந்தாள். போகிற போக்கில் பாண்டுரங்கனின் துண்டை விலக்கினாள். மடித்த காகிதம் கீழே விழுந்தது. அவன் விரலிடுக்கில் இருந்த பென்சிலை மட்டும் உருவிக்கொண்டாள். அவன் கையை இழுத்துக்கொண்டு கூட்டத்தைப் பார்த்தான்.

அரிசித் தட்டை நீட்டியவர்களை அவள் பார்க்கவில்லை. பெஞ்சருகே உட்கார்ந்து, சேர்த்துக் கட்டியிருந்த இரண்டு கைக் கட்டைவிரல்களுக்கும் நடுவே பென்சிலைச் செருகினாள். நழுவியது. முடிச்சை இறுக்கி மறுபடியும் செருகினாள். நின்றது. பெண்கள் தோளிலிருந்து கையை எடுத்தார்கள்.

அவள் அவர் காதருகே குனிந்தாள்.

“பதினாலு வருசமா சேத்து வெச்சிகீறேன். இப்ப சொல்றேன், எழுதிக்கோய்யா.”