மட்டை வெட்டும் காட்சி

பன்னிரண்டு வருடம் அடுத்தவர் படங்களுக்குப் பூனை வரைந்த காந்தன், சொந்தமாக இயக்கிய முதல் அனிமேஷன் படம் அது. எண்ணெய்க்காக வளர்க்கும் செம்பனையில் குலை அறுக்கும்போது, அது மேலே விழுந்து இறந்த அவன் அப்பாவின் கதை. மலேசியாவின் சிம்பாங் அம்பாட் ஊர் மண்டபத்தில் தோட்டத்து ஆட்களுக்குத் திரையிடும் நாளன்று, தயாரிப்பாளர் மலர்விழி வாசலிலேயே சொன்னாள்.

"மட்டை வெட்டுற சீன் போர் லா. தூக்கிட்டேன்."

"குலையே மட்டை மேலதானம்மா உக்காந்திருக்கு! அதை வெட்டாம குலை எப்படி விழும்?"

"கார்ட்டூன்தானே அண்ணே, யாருக்குத் தெரியும்?"

உள்ளே இருந்த அத்தனை பேருக்கும் தெரிந்தது. மட்டை வெட்டாமலே குலை விழுந்து அப்பா சாகும் இடத்தில் மண்டபமே சிரித்தது.

"டைரக்டர் செம்பனைய டவுன்லதான் பார்த்திருக்கான்!" என்று பின்வரிசையில் ஒருவர் கத்தினார்.

மலர்விழி காந்தனின் தோளைத் தட்டினாள். "பாருங்கண்ணே, என்னமா ரசிக்கிறாங்க!"