செவ்வாய்க்கிழமை வரை

வேறு ஏதாவது மருந்து எடுத்துக்கொள்கிறாரா என்று நர்ஸ் மரிலூ கேட்டபோது ரோண்டா பேசாமல் இருந்திருக்கலாம். கைப்பைக்குள் கையை விட்டு அந்தச் சின்னப் பழுப்புப் புட்டியின் மூடியைத் தொட்டுப் பார்த்தாள். ஆனால் கட்டிலில் கிடந்த அப்பா, தொடையெலும்பு முறிந்து வலியில் உதடு வெளுத்திருந்த அந்த நிலையிலும், கண்ணைத் திறந்து சொன்னார்.

“பையில இருக்கு, ரோண்டா. எடுத்துக் காட்டு. காகிதமும் இருக்கு. காகிதத்தையும் சேர்த்துக் காட்டு.”

அவள் காட்டினாள். மரிலூ புட்டியின் மேலிருந்த சீட்டை இரண்டு முறை படித்தாள். கஞ்சா எண்ணெய், கிளாரன்ஸ் டூலி, காலையும் மாலையும் அரை மில்லி. பிறகு இன்னொரு நர்ஸைக் கூப்பிட்டு, இரண்டு பேருமாகப் புட்டியை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்து அளவு பார்த்து, தடித்த பதிவேடு ஒன்றில் இரண்டு கையெழுத்துப் போட்டு, சுவரில் பதித்திருந்த இரும்பு அலமாரிக்குள் வைத்துப் பூட்டினார்கள். அப்பா அதைத் தலை திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தார். ஒழுங்காக நடக்கும் ஒரு வேலையைப் பார்க்கிற திருப்தி அவர் முகத்தில் தெரிந்தது. ஈஸ்டருக்கு முந்தைய வியாழக்கிழமை, மாலை ஐந்து மணி.

கிளாரன்ஸ் டூலி முப்பத்தொரு வருஷம் அந்த மலைப்பகுதியில் போலீஸ்காரராக இருந்து சார்ஜண்டாக ஓய்வு பெற்றவர். கடற்கரையிலிருந்து உள்ளே தள்ளி, மழையும் செம்மண்ணுமாக இருக்கும் அந்தச் சரிவுகளில் பசு மாடுகளைவிடக் கஞ்சாச் செடிகள் அதிகம் என்று சிட்னிக்காரர்கள் கேலி பேசுவார்கள். ஒவ்வொரு கோடையிலும் மேலிடத்துப் போலீஸார் ஹெலிகாப்டரில் வந்து இடம் பார்த்துவிட்டுப் போவார்கள். கீழே முள்ளுக்குள் நடந்து போய்ச் செடிகளைப் பிடுங்கிக் கட்டுக்கட்டாகக் கொண்டுவந்து ஸ்டேஷனுக்குப் பின்னால் எரிப்பது அப்பாவின் வேலை. சின்ன வயதில் ரோண்டாவுக்கு அப்பாவின் வாசனையே அந்தச் செடிகளின் வாசனைதான். அம்மா அந்தச் சட்டைகளைத் தனியாகத் துவைப்பாள்.

மூன்று வருஷத்துக்கு முன் அவருக்குப் புற்றுநோய் வந்து முதுகெலும்பில் இறங்கியது. மார்ஃபின் கொடுத்தார்கள். வலி போனது, கூடவே அவரும் போனார். சமையலறையில் பாம்பு இருக்கிறது என்றார். ரோண்டாவை யாரோ வீட்டு வேலைக்கு வந்தவள் என்று நினைத்து, “உனக்கு எவ்வளவு தரணும்?” என்று கேட்டார். மார்ஃபினைக் குறைத்தால் ஆள் திரும்பி வந்தார், வலியும் திரும்பி வந்தது. கஞ்சா எண்ணெய் சிலருக்கு உதவுகிறதாம் என்று அவள் பயந்து பயந்து சொன்னபோது அவர் கோபப்படவில்லை. “சட்டப்படி வந்தா எடுத்துக்கறேன். இல்லேன்னா வேண்டாம். நான் எத்தனை பேரை உள்ள தள்ளியிருக்கேன் தெரியுமா?” என்றார்.

சட்டப்படி வருவதற்கு ஏழு மாதம் ஆயிற்று. புற்றுநோய் மருத்துவர் தான் அதை எழுதுவதில்லை என்றார். ஊர் டாக்டர் தனக்கு அதில் பழக்கமில்லை என்றார். கடைசியில் கணினித் திரையில் மட்டும் நோயாளிகளைப் பார்க்கும் ஒரு மருத்துவமனை கிடைத்தது. அந்தச் சந்திப்புக்கு அப்பா சட்டையை இஸ்திரி போட்டு உடுத்திக்கொண்டு, சமையலறை நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்து, திரையிலிருந்த பெண்ணிடம் பெயர், வயது, முகவரி எல்லாவற்றையும் சாட்சிக் கூண்டில் நிற்பவர்போல் நிதானமாகச் சொன்னார். பழைய மருந்துப் பட்டியல் வேண்டும் என்றார்கள், கொடுத்தாள். அனுமதி வரவேண்டும் என்றார்கள், காத்திருந்தாள். மருந்து கையிருப்பில் இல்லை என்றார்கள், அதற்கும் காத்திருந்தாள். புட்டி தபாலில் வந்த அன்றே அப்பா கார்ச் சாவியை மேஜைமேல் வைத்துவிட்டார். அந்த எண்ணெய் எடுப்பவர் வண்டி ஓட்டினால் குற்றம். யாரும் அவரைக் கேட்டிருக்க மாட்டார்கள். ஆனாலும் வைத்துவிட்டார்.

அது அற்புதம் ஒன்றும் செய்துவிடவில்லை. வலி இருந்தது. ஆனால் மார்ஃபினைக் கால் பங்காக்க முடிந்தது. அவர் தன் ரொட்டிக்குத் தானே வெண்ணெய் தடவினார். ரேடியோவில் கிரிக்கெட் கேட்டுவிட்டு எல்லாரையும் திட்டினார். விவசாயச் சாமான் கடையில் வேலை முடித்து ரோண்டா வீட்டுக்கு வந்தால், “ரோண்டா, இன்னைக்கு எந்தக் கிறுக்கன் வந்தான் கடைக்கு?” என்று கேட்டார். ஐந்து மாதம் அப்படி ஓடியது. அவளுக்கு அந்த ஒரு கேள்வி போதுமாக இருந்தது. அந்த வியாழக்கிழமை பின்வாசல் படியில் அப்பாவின் கால் மடங்கியது. விழுந்ததால் எலும்பு முறியவில்லை, நோய் அரித்த எலும்பு முறிந்ததால்தான் விழுந்தார் என்று பிறகு டாக்டர் சொன்னார்.

டாக்டர் விடுமுறை நாட்களுக்கு மட்டும் பணிக்கு வந்திருந்த இளைஞர், ஃபருஜியா என்று பெயர். பொறுமையான ஆள். பெரிய ஆஸ்பத்திரியோடு பேசிவிட்டு வந்து, அறுவை சிகிச்சையை அவர் உடம்பு தாங்காது, இனி வலி தெரியாமல் பார்த்துக்கொள்வதுதான் என்றார். எத்தனை நாள் என்று ரோண்டா கேட்டாள். சில நாள், சில வாரம், சொல்ல முடியாது என்றார். அந்த எண்ணெயைக் கொடுக்கலாமா என்று கேட்டாள்.

“அதை நானா எழுதித் தர முடியாதுங்க. எழுதின டாக்டர் என்கூடப் பேசணும். இங்க மருந்தாளுநர் புட்டியைச் சரிபார்க்கணும். அப்புறம் ஒரு படிவம் இருக்கு, அதை மேல அனுப்பணும்.”

“அந்த மருந்தாளுநர் எங்க?”

“செவ்வாய்க்கிழமை வருவாங்க. திங்கள்கிழமை வரைக்கும் ஈஸ்டர் லீவு இல்லையா.”

எழுதிய டாக்டரின் எண்ணைக் கூப்பிட்டாள். எல்லாருக்கும் இனிய ஈஸ்டர் வாழ்த்துகள், செவ்வாய்க்கிழமை காலை ஒன்பது மணிக்குத் திறப்போம், அவசரமென்றால் அருகிலுள்ள ஆஸ்பத்திரிக்குச் செல்லுங்கள் என்று ஒரு பெண் குரல் சொன்னது. ஆஸ்பத்திரி வராந்தாவில் நின்றுகொண்டு அவள் அதை இன்னொரு முறையும் கேட்டாள்.

முறிந்த எலும்புக்கு மார்ஃபினைத் தவிர வேறு வழியில்லை. வெள்ளிக்கிழமை மதியம் அப்பா அவளை உற்றுப் பார்த்துவிட்டு, “புகார்னா ஸ்டேஷன் முன் மேஜையில போய்ச் சொல்லுங்கம்மா” என்றார். சாயந்தரம் போர்வையின் விளிம்பிலிருந்து எதையோ வேரோடு பிடுங்கிப் பிடுங்கிக் கட்டிலுக்கு வெளியே போட்டுக்கொண்டிருந்தார். நகத்தில் ரத்தம் வந்தது. இரண்டு கையையும் அவள் பிடித்துக்கொண்டபோது வலியில் கத்தினார்.

சனிக்கிழமை காலை அவள் மரிலூவை அலமாரிக்குப் பக்கத்தில் நிறுத்தினாள்.

“அந்தப் புட்டியை எங்கிட்ட குடுத்துடுங்க. நான் அப்பாவை வீட்டுக்குக் கூட்டிட்டுப் போறேன்.”

“எப்படிக் கூட்டிட்டுப் போவீங்க? புரட்டிப் படுக்க வைக்கவே மூணு பேர் வேண்டியிருக்கு.”

“அப்போ நீங்களே குடுங்க. அரை மில்லி. வியாழக்கிழமை காலைல என் கையால குடுத்தேன். அதே புட்டி, அதே ஆளு. நடுவுல என்ன மாறிடுச்சு?”

மரிலூ அவள் முகத்தைப் பார்க்காமல் இடுப்புச் சாவியைப் பிடித்துக்கொண்டாள். பிலிப்பைன்ஸிலிருந்து வந்து நாலு வருஷம். ஊரில் விட்டு வந்த மகளை இந்த வருஷம்தான் கூப்பிட்டுக்கொள்ளப் போகிறாள். நேற்று ரொட்டி கொடுக்க வந்தபோது அவளே சொன்னது.

“இந்தப் பூட்டைத் திறந்தா ரெண்டு பேர் கையெழுத்துப் போடணும் ரோண்டா. ஒரு சொட்டுக் குறைஞ்சாலும் என்னைத்தான் கேப்பாங்க. நர்ஸ் பதிவு போயிட்டா எனக்கு இந்த நாட்டுல ஒண்ணுமே இல்ல.” அலமாரியைத் திரும்பிப் பார்த்தாள். “எங்கப்பாவா இருந்தா நானும் உங்கள மாதிரிதான் நின்னுருப்பேன்.”

ரோண்டா வாசலை நோக்கி நடந்தாள். திட்டுவதற்கு ஒரு ஆள் கிடைத்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். எல்லாரும் நல்லவர்களாக இருந்தார்கள்.

வெளியே, கார்கள் நிற்கும் இடத்தில் கற்பூர மரத்தின் கீழே லிண்ட்ஸி தன் பழைய வண்டியில் சாய்ந்துகொண்டு நின்றிருந்தான். அவர்கள் தெருவுக்கு மேலே, சரிவில் தனியாக இருப்பவன். எழுபதை நெருங்கிவிட்டான். நரைத்த தலைமயிரைப் பெண்களைப் போலப் பின்னியிருந்தான். எண்பத்தாறில் அப்பா அவனைப் பிடித்து மூன்று மாதம் உள்ளே வைத்தார்.

“சார்ஜண்ட் எப்படி இருக்காரு?”

“என்னைத் தெரியல அவருக்கு.”

“என்னைத் தெரியுமா பாரு. எங்கிட்ட முப்பத்தேழு செடி பிடுங்கினாரு உங்கப்பா. கோர்ட்ல முப்பத்தெட்டுன்னு சொன்னாரு. அந்த ஒரு செடிக்கு இன்னும் எங்கிட்ட பதில் சொல்லல.” சிரித்தான். அவள் சிரிக்காததைப் பார்த்து நிறுத்திக்கொண்டான். சட்டைப் பையிலிருந்து ஒரு கண்மருந்துக் குப்பியை எடுத்து அவள் உள்ளங்கையில் வைத்தான். உள்ளே கரும்பச்சையாக எண்ணெய்.

“ஆலிவ் எண்ணெய்ல காய்ச்சினது. வேற எதுவும் கலக்கல. நாக்குக்கு அடியில நாலு சொட்டு. யார் குடுத்தான்னு சொல்ல வேண்டாம்.”

“அவரு எடுத்துக்க மாட்டாரு லிண்ட்ஸி. சட்டப்படி வராததைக் குடுக்கக் கூடாதுன்னு எங்கிட்ட சத்தியம் வாங்கியிருக்காரு.”

“அவருக்குத்தான் உன்னையே தெரியலையே. சத்தியம் மட்டும் தெரியுமா?”

அந்தக் குப்பியை அவள் அன்று முழுக்கக் கைக்குட்டையில் சுற்றி வைத்திருந்தாள். ஏழு மாதம் எந்தக் கதவைத் தட்டாமல் விட்டோம் என்று யோசித்தாள். ஒரு கையெழுத்துக்கூடத் தவறவில்லை. பக்கத்து வீட்டுக்காரன் ஏழு நிமிஷத்தில் கொடுத்துவிட்டுப் போகிறான்.

ஞாயிற்றுக்கிழமை காலைச் சாப்பாட்டுத் தட்டில் தங்கத்தாளில் சுற்றிய ஒரு சாக்லேட் முட்டை இருந்தது. அப்பா அதைத் தொடவில்லை. அடுத்த ஊசிக்கு இன்னும் கால் மணி நேரம் இருந்தது. வலி மெதுவாக ஏறிக்கொண்டிருந்தது, பல்லைக் கடித்துக்கொண்டிருந்தார். அந்த நேரங்களில்தான் அவர் கண் கொஞ்சம் தெளிந்திருந்தது. வராந்தாவில் ஆள் இல்லாததைப் பார்த்துவிட்டு ரோண்டா குப்பியைத் திறந்தாள்.

“அப்பா, வாயைத் திற. உன் எண்ணெய்.”

அவர் வாயைத் திறந்தார். குழந்தையைப் போல, கேள்வி கேட்காமல், அவளை நம்பித் திறந்தார். அவள் கை அருகில் போனது. அப்போது அவர் மூக்கு விடைத்தது. தபாலில் வந்த எண்ணெய்க்கு வாசனையே கிடையாது. இதில் அந்த மலை முழுக்க இருந்தது. அவர் வாயை மூடிக்கொண்டார். தாடை இறுகிக் கழுத்து நரம்பு புடைத்தது.

“எங்க வாங்கினே?”

“டாக்டர் குடுத்தாருப்பா.”

“பொய் சொல்றே.” குரல் திடீரென்று ஐம்பது வயதுக் குரலாக இருந்தது. “கீழ வை அதை. ரெண்டு கையும் எனக்குத் தெரியற மாதிரி வை. அந்தக் கம்பி மேல.”

அவள் குப்பியைப் போர்வைமேல் வைத்தாள். கட்டிலின் பக்கக் கம்பியில் இரண்டு கையையும் வைத்தாள்.

“பேரு?”

“ரோண்டா டூலி.”

“வயசு?”

“அம்பத்தி நாலு.”

“எங்க இருக்கே?”

அவள் முகவரியைச் சொன்னாள். வீட்டு எண், தெரு. அவர் புருவம் சுருங்கியது. வெகு தூரத்திலிருக்கும் எதையோ படிக்க முயல்பவர்போல் அவளைப் பார்த்தார்.

“அது என் வீடாச்சே.”

“ஆமா.”

“அங்க என் பொண்ணு இருக்கா.” வலி ஒன்று வந்து போகும்வரை மூச்சைப் பிடித்துக்கொண்டார். “அவ எங்கிட்ட பொய் சொல்ல மாட்டா. அவளக் கேட்டா உண்மை தெரிஞ்சிடும்.”

“கேளுங்க.”

“கேக்கத்தான் போறேன். வேலை முடிஞ்சு வரட்டும். நீ அசையாத.”

அவள் அசையவில்லை. அவர் கண்கள் வாசலையே பார்த்துக்கொண்டிருந்தன. ஒவ்வொரு மூச்சுக்கும் நெற்றியில் வேர்வை துளிர்த்தது. துடைத்துவிட வேண்டுமென்று இருந்தது அவளுக்கு. தூரத்தில் ஏதோ தேவாலயத்தில் கூட்டமாகப் பாடுவது கேட்டுக்கொண்டிருந்தது. ரப்பர்க் காலணிச் சத்தம் நெருங்கி வந்து வாசலில் நின்றது. மரிலூ, கையில் மார்ஃபின் ஊசி வைத்த தட்டோடு. அவள் பார்வை போர்வைமேல் கிடந்த குப்பிக்குப் போனது, அதிலிருந்து கம்பிமேல் விரல்கள் வெளுக்க அழுந்தியிருந்த இரண்டு கைகளுக்கு வந்தது. ரோண்டா கைகளை எடுக்கவில்லை. எடுக்கலாம் என்று அவர் இன்னும் சொல்லவில்லை.