தோரணவாயிலுக்கு வெளியே

முதல் கோயிலில், வண்டி நிறுத்த இடம் தேட வேண்டும் என்றாள் டாக்ஸி ஓட்டிவந்த சுமியே. இடம் கண்ணெதிரே காலியாகக் கிடந்தது. பின்சீட்டில் இருந்த யமானேயும் அவர் மனைவி ஹருவேயும் அதைப் பார்த்தார்கள். ஆனாலும் இறங்கினார்கள். தோரணவாயிலின் முன் நின்று தலை வணங்கிவிட்டு, அதன் கீழே நுழைந்து படியேறினார்கள்.

இரண்டாவது கோயிலில், ஆபீஸிலிருந்து போன் வரும் என்றாள். வரவில்லை.

உள்ளே பார்க்க வேண்டியதை எல்லாம் வண்டியிலேயே சொல்லி அனுப்பியிருந்தாள். அருவி எந்தப் பக்கம், எந்த மரம் பழையது, எங்கே நின்றால் கூரையின் உட்புறம் வரைந்த நாகம் தெரியும் என்று. திரும்பி வந்த யமானே போனை நீட்டிப் படம் காட்டினார்.

"இதானே அந்தப் பழைய மரம்?"

"இது கழிப்பறைக்குப் பக்கத்து மரங்க."

ஹருவே சிரித்தாள். "நான் அப்பவே சொன்னேன். இவர் அதைக் கட்டிப்பிடிச்சு வேண்டிக்கிட்டாரு. அங்க வரிசையில நின்னவங்க எல்லாம் ஒரு மாதிரி பார்த்தாங்க."

"எல்லா மரமும் சாமி மரம்தான்," என்றார் யமானே. இடது கன்னம் வீங்கியிருந்தது. பாதிச் சொல் வாய்க்குள்ளேயே நின்றுவிட்டது.

"டிரைவரம்மா கூட வந்திருந்தா இந்த மானக்கேடு இல்ல," என்றாள் ஹருவே. சிரிப்பு போகாத முகத்தோடு சுமியேயைக் கொஞ்ச நேரம் பார்த்தாள்.

தொலைவில் உள்ள தொத்தோரியில் அவர்களுக்குப் பேரிக்காய்த் தோட்டம். பறிப்பு முடிந்து, மரங்களுக்கு உரம் போட்டுவிட்டு, ரயில் ஏறி வந்திருந்தார்கள். ஒரு நாளைக்கு சுமியேயின் டாக்ஸி. வண்டி ஓட்டுவதும் அவள், வழி காட்டுவதும் அவள். தொகாகுஷி மலைக் கோயில்கள், குளம், காடு. ஆனால் அவர்கள் வந்த காரியம் கடைசிக் கோயிலில் இருந்தது. அங்கே ஒன்பது தலை நாகசாமி இருக்கிறது. அதற்குப் பேரிக்காய் என்றால் உயிர். பேரிக்காய் படைத்தால் பல்வலியைப் போக்கும்.

சுமியேயின் காரியம் வேறு. அவள் இன்று எந்தத் தோரணவாயிலின் கீழும் நுழையாமல் வீடு திரும்ப வேண்டும்.

வீட்டில் சாவு விழுந்தால் ஐம்பது நாள் தீட்டு. அதுவரை தோரணவாயிலைக் கடக்கக் கூடாது. தோமி இறந்து மூன்று வாரம் ஆகிறது. தோமி சுமியேயின் மாமியார். மாமியாராக இருந்தவள். அவள் மகன் சுமியேயை விவாகரத்து செய்து, வேறொருத்தியைக் கட்டி, வருஷங்கள் ஆகிவிட்டன. அறுத்துக்கொண்டு போனவளுக்குத் தீட்டு இல்லை. யாரைக் கேட்டாலும் அதைத்தான் சொல்வார்கள். அதனால் அவள் யாரையும் கேட்கவில்லை.

சாவு வீட்டில் ஊர்க்காரர்களோடு வரிசையில் நின்றாள். தன் முறை வந்ததும் பச்சைக் கிளையை வைத்துக் கும்பிட்டாள். வாசலில் புது மருமகளிடம் துக்கம் விசாரித்தாள். எல்லோருக்கும் கொடுத்தது போல அவளுக்கும் ஒரு தேயிலைப் பொட்டலம் கொடுத்தார்கள். வாங்கிக்கொண்டு வந்துவிட்டாள்.

மறுநாள் காலை வேலைக்குப் போகும் வழியில், தெருமுனைச் சின்னக் கோயிலின் தோரணவாயிலுக்கு முன் அவள் கால் நின்றுவிட்டது. தினமும் கடந்து போகிற வாயில். பக்கத்துச் சேற்றில் இறங்கிச் சுற்றிக்கொண்டு போனாள். ஏன் என்று தன்னையே கேட்டுக்கொள்ளவில்லை. அன்றிலிருந்து கோயில் சவாரிகளை ஏதாவது சொல்லித் தட்டிக் கழித்தாள். இலை சிவந்து, அதைப் பார்க்கப் பயணிகள் கூட்டம் வரத் தொடங்கியதும் கோமியாமா விடவில்லை. டாக்ஸி ஆபீஸில் சவாரி பிரித்துக் கொடுப்பவர் அவர். சுமியேயின் பழைய கணவனுக்குக் குடிக்கூட்டாளி. காரணம் கேட்டால் அவரிடம் என்ன சொல்வது?

குளத்தருகே வண்டியை நிறுத்தினாள். காற்றில்லை. மலையின் பாறை முகடுகள் தலைகீழாகத் தண்ணீரில் கிடந்தன. ஹருவே கரையில் உட்கார்ந்து அரிசி உருண்டைகளைப் பிரித்தாள். சுமியேவுக்கும் ஒன்று கொடுத்தாள். யமானே தன் உருண்டையை வலது பக்கமாகவே மென்றார்.

"கடைசிக் கோயிலுக்கு இங்கிருந்து காட்டு வழியா நடந்து போயிடலாம்," என்றாள் சுமியே. "ரோட்டு வழியைவிட அழகா இருக்கும்."

அது உண்மை. ரோட்டு வழியில் தோரணவாயில் உண்டு என்பதும் காட்டு வழியில் அது இல்லை என்பதும் உண்மை.

காட்டுக்குள் ஈரம் ஏறியிருந்தது. விழுந்த இலைகளின் மேல் நடந்தார்கள். யமானே பேரிக்காய்ப் பையைக் குழந்தையைப் போல மார்போடு அணைத்துக்கொண்டிருந்தார். சுமியே வாங்கிக்கொள்கிறேன் என்றதற்குத் தரவில்லை.

"வேண்டிக்கிட்டா பேரிக்காய் திங்கறதை விட்டுடணுமாமே. நிஜமா?" என்று கேட்டார்.

"சிலபேர் அப்படி விரதம் இருப்பாங்க. சாமிக்குப் பிடிச்சதை நாம விட்டுக் கொடுக்கறது."

"பேரிக்காய்த் தோட்டக்காரன் பேரிக்காய் திங்க மாட்டேன்னா மார்க்கெட்டுல என்ன நினைப்பான்?"

"பூச்சி மருந்து ஜாஸ்தின்னு நினைப்பான்," என்றாள் ஹருவே.

"அதான் யோசிச்சு வெச்சிருக்கேன். அடுத்தவன் தோட்டத்துப் பேரிக்காயை இனிமே தொட மாட்டேன். இப்படிச் சொல்லிடலாம்ல?"

"அதை நீங்க எப்பத் தொட்டீங்க? வாழ்நாள் பூரா குறை சொல்லிட்டுத்தானே இருந்தீங்க?"

"அதனால சுலபமா காப்பாத்திடலாம்."

சுமியே சிரித்துவிட்டாள். மூன்று வாரத்துக்குப் பிறகு வந்த சிரிப்பு. அவளுக்கே அது வேறு யாருடையதோ போலக் கேட்டது.

"பல் டாக்டருக்குப் பயம்," என்றாள் ஹருவே. "ஒன்பது தலை நாகத்துக்குப் பயமில்ல. இந்த ஆளைக் கட்டிக்கிட்டு நான் என்ன பண்றது?"

"நாகம் ஊசி போடாதே."

"டிரைவரம்மா, நீங்கதான் எனக்காக சாமிகிட்ட எடுத்துச் சொல்லணும்," என்றார் யமானே. "எனக்கு வாயும் கோணிக்கிட்டுப் போகுது, பேச்சும் வராது. நீங்க உள்ளூர்க்காரங்க. நீங்க சொன்னா அதுக்குப் புரியும்."

சுமியே நடையைக் கொஞ்சம் வேகமாக்கினாள்.

மரங்கள் விலகின. கூரை வேய்ந்த சிவப்புக் கட்டிடம் ஒன்று வழியை அடைத்து நின்றது. கூரையில் புல்லும் பெரணியும் முளைத்திருந்தன. தோரணவாயிலைப் போலவே கோயிலுக்குள் போகும் வாயில் அது. அந்தப் பக்கம் தேவதாரு மரங்கள் இரண்டு வரிசையாக மலையை நோக்கிப் போயின. ஆட்கள் நின்று வணங்கி உள்ளே போய்க்கொண்டிருந்தார்கள். இதைச் சுற்றிப் போக வழியில்லை. இதுவரை வந்து வெளியே நின்றுகொள்ளலாம் என்று நினைத்திருந்தாள் சுமியே.

யமானே வணங்கிவிட்டு உள்ளே கால் வைத்தார். திரும்பிப் பார்த்தார். "வாங்க."

சுமியே நின்றாள்.

நுழைந்தால் ஒன்றும் ஆகப் போவதில்லை. அவளுக்குத் தீட்டில்லை. யாரும் எதுவும் சொல்ல மாட்டார்கள். யாரும் எதுவும் சொல்ல மாட்டார்கள் என்பதுதான் அவளைத் தடுத்தது.

ஹருவே உள்ளே போகவில்லை. அருகில் வந்து, முதல் முறையாகப் பெயரோடு 'சான்' என்ற மரியாதைச் சொல்லைச் சேர்த்து மெதுவாகக் கேட்டாள். "சுமியேசான், யாரு தவறினாங்க?"

"யாருமில்லீங்க. வாடிக்கையா வர்றவங்க ஒருத்தங்க."

"வாடிக்கைக்காரங்களுக்கு யாராவது தீட்டுக் காப்பாங்களா?"

சுமியே காலடியில் இருந்த இலைகளைப் பார்த்தாள்.

விவாகரத்து முடிந்த மறுமாதம் ஆபீஸுக்கு ஒரு போன் வந்தது. பள்ளத்தாக்கில் இருக்கும் வெந்நீர் ஊற்றுக் குளியலுக்குப் போக வேண்டும், சுமியேயின் வண்டிதான் வேண்டும் என்று. தோமி பின்சீட்டில் ஏறி உட்கார்ந்தாள். "மீட்டரைப் போடு. நான் டாக்ஸி கூப்பிட்டேன், மருமகளைக் கூப்பிடல," என்றாள். மாதம் தவறாமல் கூப்பிட்டாள். அடுத்த குளிர்காலத்தில் முன்சீட்டுக்கு வந்தாள். மகனைப் பற்றி இருவரும் ஒரு சொல் பேசியதில்லை. இருவரும் சேர்ந்து குளிக்கும் பொதுக் குளியலறையில் யாராவது, "கூட வந்திருக்கறது மகளா?" என்று கேட்டால், "டாக்ஸிக்காரி" என்பாள் தோமி. சொல்லிவிட்டு, தேய்த்துவிடச் சொல்லி முதுகைக் காட்டுவாள்.

இதை எல்லாம் அவள் ஹருவேயிடம் சொல்லவில்லை. கொஞ்சம் சொன்னாள். மகன், விவாகரத்து, மாதம் ஒரு சவாரி, மீட்டர்.

யமானே திரும்பி வந்து பக்கத்தில் நின்றிருந்தார். பையை இன்னும் கீழே வைக்கவில்லை.

"நான் இப்படிக் கேக்கறேனேன்னு நினைக்காதீங்க," என்றாள் ஹருவே. "இப்ப உள்ள வர்றீங்களா, இங்க நிக்கறீங்களா? எதுவானாலும் சரி. நீங்க சொல்லிட்டா நாங்க அதுக்குத் தகுந்த மாதிரி இருந்துக்குவோம்."

வாயிலுக்குள் ஒரு குடும்பம் போயிற்று. கும்பிடும்போது கையைத் தட்டுவது எப்படி என்று அப்பா காட்ட, சின்னப் பெண் சிரித்தாள்.

"மாமியார் இறந்துட்டாங்க," என்றாள் சுமியே. "இன்னும் ஐம்பது நாள் ஆகல. நான் வரக் கூடாது."

ஹருவே தொப்பியைக் கழற்றினாள். கைகளை முன்னால் சேர்த்து வைத்துக்கொண்டு இடுப்பு வளையக் குனிந்தாள். சாவு வீட்டு வாசலில் சொல்லும் சொற்களை முறை தவறாமல் சொன்னாள். யமானேயும் குனிந்தார். பேரிக்காய்ப் பை தரையைத் தொட்டது. கன்னம் வீங்கிய வாயால் அதே சொற்களைச் சொன்னார். பாதிதான் புரிந்தது.

மூன்று வாரத்தில் யாரும் அவளிடம் அதைச் சொல்லவில்லை. அவள்தான் மற்றவர்களிடம் சொல்லியிருந்தாள்.

அதற்குப் பதில் சொல்ல வேண்டியது வீட்டு ஆட்கள். அந்தப் பதிலை எத்தனையோ வாசல்களில் கேட்டிருக்கிறாள். அவர்களைவிடத் தாழக் குனிந்தாள்.

"இருந்த காலத்துல அவங்க மேல அன்பா இருந்தீங்க. ரொம்ப நன்றிங்க."

அவர்கள் தோமியைப் பார்த்ததே இல்லை. மூன்று பேரில் யாருக்கும் அது தவறாகப் படவில்லை.

நிமிர்ந்தபோது சுமியேயின் முகம் நனைந்திருந்தது. ஹருவே கைக்குட்டையைக் கொடுத்தாள். யமானே இருமினார்.

"அப்ப சாமிகிட்ட நானே பேசிக்கறேன்," என்றார். "ஹருவே, நீ பக்கத்துல நின்னு திருத்து."

"எனக்கு வேற என்ன வேலை?" என்றாள் ஹருவே.

இருவரும் தேவதாரு மரங்களுக்கு நடுவே போனார்கள். சிறிது தூரத்தில் பையை ஹருவே வாங்கிக்கொள்வது தெரிந்தது.

சுமியே வாயிலுக்கு வெளியே ஒரு கல்லில் உட்கார்ந்தாள். மூக்கைச் சிந்தினாள். போனை எடுத்துக் கோமியாமாவைக் கூப்பிட்டாள்.

"இன்னும் கொஞ்ச நாளைக்கு எனக்குக் கோயில் சவாரி போடாதீங்க. ஐம்பது நாள் முடியட்டும்."

"எந்த ஐம்பது நாள்?"

"மாமியாருக்கு."

அந்தப் பக்கம் நாற்காலி கிறீச்சிட்டது. "எந்த மாமியார்? உனக்குத்தான் இப்ப..."

"எனக்கு ஒருத்தங்கதான்."

"ஏம்மா சுமியே. இன்னிக்குச் சாயங்காலம் நான் உன் பழைய வீட்டுக்காரன்கூடத்தான் குடிக்கப் போறேன். தெரியுமில்ல?"

"தெரியும்."

"ரெண்டு கிளாஸ் உள்ள போயிட்டா என் வாய் என் பேச்சைக் கேக்காது."

"அதனாலதான் உங்ககிட்ட சொல்றேன்."

கோமியாமா சவாரிப் பட்டியலைப் புரட்டும் சத்தம் கேட்டது. "நல்ல சீசன்ல பண்றியே," என்றார். பிறகு, "ஆஸ்பத்திரி சவாரி இருக்கு. போட்டுடறேன்."

"நன்றிங்க."

"போன தடவை தோமியம்மா போன் பண்ணப்ப உன் வண்டி இல்லை, வேற அனுப்பறேன்னு சொன்னேன். என்ன திட்டு திட்டினாங்க தெரியுமா," என்று சொல்லிவிட்டு வைத்தார்.

யமானேயும் ஹருவேயும் திரும்பி வந்தபோது வெயில் சாய்ந்திருந்தது. பை காலியாக இருந்தது.

"சாமி ஒத்துக்கிச்சு," என்றார் யமானே.

"எப்படித் தெரியும்?"

"மறுப்பு ஒண்ணும் சொல்லலையே."

"இவர் பேசினது அதுக்குப் புரிஞ்சிருக்காது," என்றாள் ஹருவே. "நாளைக்குக் காலைல பல் டாக்டர்கிட்ட நேரம் வாங்கியாச்சு. சாமிக்கு இன்னிக்கு ராத்திரி வரைக்கும்தான் டைம்."

"எப்ப வாங்கின?"

"நீங்க அந்தக் கழிப்பறை மரத்தைக் கட்டிப்பிடிச்சப்ப."

வந்த வழியே நடந்தார்கள். காட்டில் வெளிச்சம் குறைந்திருந்தது. யமானே முணுமுணுத்துக்கொண்டே வந்தார். கொஞ்ச தூரம் போன பிறகு ஹருவே கேட்டாள்.

"உங்க மாமியார் எப்படிப்பட்டவங்க?"

சுமியே யோசித்தாள்.

"கருமி," என்றாள்.

யமானே சிரித்தார். வலித்ததும் கன்னத்தைப் பிடித்துக்கொண்டார்.

"பரிசு சுத்தி வர்ற தாளைக்கூட இஸ்திரி போட்டு அடுக்கி வெப்பாங்க. கட்டிட்டுப் போன புதுசுல தெரியாம அதை எடுத்து அடுப்புல போட்டுட்டேன்."

"ஐயோ. என்ன பண்ணாங்க?"

"ஒரு வாரம் பேசல."

"ஒரு வாரம்தானா? இவங்க அம்மா என்கூட ஒரு பறிப்பு முடிஞ்சு அடுத்த பறிப்பு வர்ற வரைக்கும் பேசல."

"எங்கம்மாவை ஏன் இழுக்கற?" என்றார் யமானே.

"நீங்க சும்மா வாங்க. சுமியேசான், அப்புறம்?"

சுமியே அடுத்ததைச் சொன்னாள். பாதை குறுகிய இடத்தில் மூவரும் ஒருவர் பின் ஒருவராக நடக்க வேண்டியிருந்தது. அவள் முன்னால் போனாள். பின்னால் வருகிறவர்களுக்குக் கேட்க வேண்டும் என்று குரலை உயர்த்திச் சொல்லிக்கொண்டே போனாள்.