மெழுகுக் கைகள்

அவள் வேலை பார்ப்பது பல் செட் செய்யும் கூடத்தில். பல் வைத்தியர்கள் அனுப்பும் அச்சை வைத்து, இளஞ்சிவப்பு மெழுகில் ஈறு கட்டி, ஒவ்வொரு பல்லாக நட வேண்டும். "ஊரு சிரிக்கிறதே நம்ம கையாலதான்" என்று முதலாளி வாய் ஓயாமல் சொல்வார்.

வேலையில் அவளை அடித்துக்கொள்ள ஆளில்லை. ஆனால் திடீர் திடீரென்று உடம்பு நாற்காலியில் இருக்கும், அவள் இருக்கமாட்டாள். கண் திறந்திருக்கும், கூப்பிட்டால் காதில் விழாது. கை மட்டும் மிச்ச மெழுகை எடுத்து, விளக்கில் காட்டிப் பிசையும், கத்தியால் நகம் கீறும். அவள் திரும்பி வரும்போது மேஜையில் ஒரு சின்னக் கை கிடக்கும். விரல் விரிந்த கை. அதைப் பார்த்த பிறகுதான் தன் கால் தரையில் இருப்பதே அவளுக்குத் தெரியும். முதலாளி தங்கமான மனுஷன். "மெழுகுதானே, விடு" என்று நகர்ந்துவிடுவார்.

அது தண்ணீரோடு போய்விட்ட அவள் மகனுடைய கை. படகு கவிழ்ந்த அன்று தன் பிடியிலிருந்து வழுக்கிப்போனது என்றுதான் எல்லோரிடமும் சொன்னாள். அன்றிலிருந்து, தப்பித்து வந்த மகளின் கையை அவள் தொட்டதே இல்லை. சாலையைக் கடக்கும்போதுகூட, "பையைப் பிடிச்சுக்கோ" என்பாள். பெற்ற பிள்ளையைத் தொட முடியாத கொடுமையை யாரிடம் போய்ச் சொல்லி அழுவது?

ஒரு நாள் சாயங்காலம் வீட்டுக்கு வந்தால், அலமாரியில் அவள் சேர்த்து வைத்திருந்த கைகளில் ஒன்று உருமாறிக் கிடந்தது. இரண்டாம் வகுப்பு படிக்கும் அந்தப் பொடிசு அதை வெந்நீரில் போட்டு இளக்கி, தன் விரல்களை உள்ளே கொடுத்து, மெழுகு விரல்களை அவற்றின்மேல் மடக்கியிருந்தது.

"யாருடி இதைத் தொடச் சொன்னது?"

"அண்ணன் கை எப்பவும் சும்மாவே விரிஞ்சு கெடக்கேம்மா. அதான் நான் பிடிச்சுக்கிட்டேன்."

அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "உனக்கு என்னடி தெரியும்? அவன் கை வழுக்கிடுச்சு. நான் பிடிச்சுக்கிட்டுத்தான் இருந்தேன்!"

மகள் தலையைக் குனிந்துகொண்டாள். "இல்லம்மா. நீதான் விட்டே. நான் முழுகிட்டேன்ல? என்னைத் தூக்கத்தான் விட்டே. நான் பாத்தேன்."

வழக்கமாக இந்த இடத்தில் அவள் போய்விடுவாள். சுவர் தள்ளிப் போகும், சத்தம் அடங்கும், கை மெழுகைத் தேடும். இன்று கை தேடத்தான் செய்தது. ஆனால் சுவர் இருந்த இடத்திலேயே இருந்தது, அடுத்த வீட்டுக் குழாயில் தண்ணீர் விழும் சத்தம்கூடக் கேட்டது. பாழாய்ப்போன மனசு அவளை இங்கேயே நிறுத்தி வைத்துவிட்டது.

"நான் யார்கிட்டயும் சொல்லலம்மா. அப்பாகிட்டகூட." தலையை நிமிர்த்தி, "என் மேல கோவமாம்மா?" என்று கேட்டாள் மகள்.

இல்லடி என்று சொல்ல வாயெடுத்தாள். வரவில்லை. ஆமாம் என்பதுதான் தொண்டை வரை வந்து நின்றது. இவ்வளவு காலமும் அதுதான் அங்கே அடைத்துக்கொண்டு இருந்திருக்கிறது என்று அப்போதுதான் அவளுக்குப் புரிந்தது. ஐயோ, நானும் ஒரு தாயா!

பிள்ளை பதிலுக்காக அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தது. பொய் சொல்லவும் முடியவில்லை, போய்விடவும் முடியவில்லை. அப்படியே தரையில் உட்கார்ந்து, மகளைக் கையைப் பிடித்து இழுத்து மடியில் போட்டுக்கொண்டு, வாய்விட்டு அழுதாள்.

"பரவால்லம்மா," என்றாள் மகள்.