இரவல் பேரில் மூன்று வருஷம்

எனக்குப் பெட்டி என்று ஒரு பேர் இருந்தது. மூன்று வருஷம், சனிக்கிழமை காலைகளில், அந்தப் பேரில்தான் ஹாக்கி ஆடினேன். சிரிக்காதீர்கள், நானே வேண்டிய மட்டும் சிரித்தாயிற்று. அம்மாவிடம் சொன்னபோது டிரங்குப் பெட்டியா வெற்றிலைப் பெட்டியா என்று கேட்டாள். என் சொந்தப் பேர் எல்லம்மா. ஒக்கலிபுரத்தில் ரயில்வே லைனை ஒட்டி எங்கள் வீடு. அப்பாவுக்கு யார்டில் தண்டவாளம் மாற்றிவிடுகிற பாயின்ட்ஸ்மேன் வேலை. நான் படித்தது அங்கேயே இருந்த கனகவல்லி பெண்கள் ஹைஸ்கூலில்.

கன்டோன்மென்டில் பெண்கள் பள்ளிகளுக்கென்று ஒரு ஹாக்கி லீக் இருந்தது. வெள்ளைக்காரன் காலத்தில் பட்டாளத்துத் துரைசானிகள் ஆரம்பித்தது. எட்டே எட்டுப் பள்ளிகள். ஒன்பதாவதுக்கு இடம் கிடையாது, ஏனென்றால் சனிக்கிழமை வெயில் ஏறுவதற்குள் அந்த மைதானத்தில் நாலு ஆட்டம்தான் ஆட முடியும். நாற்பத்தேழில் பட்டாளம் கப்பல் ஏறியபோது ரெண்டு பள்ளிகள் அதோடு சேர்ந்து போயின. அந்த இடங்களுக்கு ஒரு மிஷன் பள்ளியும் ஒரு கான்வென்ட்டும் வந்தன. அப்புறம் இன்னொன்று மூடியது, மல்லேஸ்வரம் பக்கமிருந்து ஒரு கன்னடப் பள்ளி வந்தது. அந்தப் பெண்கள் பாவாடை தாவணியோடு மைதானத்தில் இறங்கியதும், ஓரத்தில் டீ குடித்துக்கொண்டிருந்த அம்மணிகள் கோப்பையைக் கீழே வைத்துவிட்டார்களாம். அந்தத் தாவணிக்காரிகளே அந்த வருஷம் கப்பைத் தூக்கிக்கொண்டு போனார்கள். நன்றாக வேண்டும்.

கனகவல்லி மட்டும் வெளியே நின்றது. எட்டில் ஒன்று விலகினால் அடுத்து நாங்கள்தான் என்று லீக்கில் சொல்லி வைத்திருந்தார்கள். ஐம்பத்தொன்றில் சொன்னது. நான் பாவாடை சட்டையிலிருந்து தாவணிக்கு வந்துவிட்டேன், அந்த 'அடுத்து' மட்டும் வரவில்லை. எங்கள் பி.டி. டீச்சர் சந்திரம்மா, புடவைக்குக் கீழே கான்வாஸ் ஷூ போட்டுக்கொண்டு எங்களைக் கிரவுண்டில் ஓடவிடுவார். ஓடத்தான் முடியும். எங்கள் பள்ளியில் ஒரு ஹாக்கி ஸ்டிக்கூட இல்லை.

பிறகு எப்படி ஆடினேன் என்றால், லீக்கில் ஒரு வழக்கம் இருந்தது. ஆள் குறைந்த பள்ளி, லீக்குக்கு வெளியே இருக்கிற பள்ளியிலிருந்து பெண்களை இரவல் வாங்கிக்கொள்ளலாம். ஆனால் பதினொரு பேரில் ஆறு பேராவது சொந்தப் பெண்களாக இருக்க வேண்டும், இல்லாவிட்டால் லீக்கில் இடம் போய்விடும். ஆட்டத்துக்கு முன் காப்டன் நடு மைதானத்தில் நின்று தன் பதினொரு பேரையும் அம்பயர் காதில் விழ உரக்கப் படிப்பாள். செயின்ட் வினிஃப்ரெட்ஸ் என்ற பள்ளியில் ஆங்கிலோ இந்தியப் பெண்கள் படித்தார்கள். ஒவ்வொரு வருஷமும் நாலைந்து குடும்பம் லண்டன் என்றும் பெர்த் என்றும் கிளம்பிக்கொண்டிருந்தது. முதலில் எங்களிடம் ரெண்டு பேர் இரவல் கேட்டார்கள். அப்புறம் நாலு. அப்புறம் ஏழு. இரவல் ஏழு என்றால் சொந்தம் நாலுதானே, ஆறு வேண்டுமே? அதற்கும் வழி கண்டுபிடித்தார்கள். கப்பலேறிப் போன பெண்களின் உடுப்பு பள்ளியிலேயே கிடந்தது. அதை எங்களுக்குப் போட்டுவிட்டு, அந்தப் பெண்களின் பேரையே காப்டன் படித்துவிடுவாள். அம்பயர் நோயல் சாருக்கு எல்லாம் தெரியும். ரிட்டயரான ரயில்வே கார்டு அவர், விசில் ஊதிப் பழகியவர். தொப்பியைக் கண் வரை இறக்கிக்கொண்டு, பேர்களை மட்டும் கேட்பார், முகங்களைப் பார்க்க மாட்டார்.

அந்தச் சனிக்கிழமைகளை இப்போது நினைத்தால் நிஜமாக நடந்ததா என்றே இருக்கிறது. இருட்டு பிரியும்போது சிட்டி ஸ்டேஷனில் ரயில் ஏறுவோம், அடுத்த ஸ்டேஷனில் இறங்குவோம். கன்டோன்மென்டில் பனி மரங்களின் இடுப்பு வரை நிற்கும். வினிஃப்ரெட்ஸ் பள்ளியின் பின்கட்டில் தாவணியை அவிழ்த்து மடித்து வைத்துவிட்டு, கரும்பச்சை உடுப்பைத் தலை வழியாக மாட்டுவேன். கழுத்துப் பட்டியின் உள்பக்கம் சிவப்பு நூலில் பெட்டி என்று தைத்திருக்கும். தலை வெளியே வரும்போது காதெல்லாம் அடைத்த மாதிரி இருக்கும். அதன்பின் நடப்பது வேறு யாரோ. அந்த யாரோ பயப்பட மாட்டாள், தயங்க மாட்டாள். பனிக்குள்ளிருந்து பந்து வரும், அவள் அடிப்பாள், ஓரத்தில் நிற்கிறவர்கள் பெட்டி பெட்டி என்று கூவுவார்கள். நிஜப் பெட்டியை நான் பார்த்ததே இல்லை. அவள் எங்கேயோ குளிரில் கோட்டுப் போட்டுக்கொண்டு நடந்துகொண்டிருப்பாள், இங்கே அவள் பேரில் கோல் விழுந்துகொண்டிருக்கும். சில நாள் தூக்கத்தில் அவள் தெருவில் நான் நடந்தேன். ஒரு வீட்டு வாசலில் நின்று கதவைத் தட்டுவேன், திறக்கிறவள் முகம் மட்டும் தெரியாது.

ஒருமுறை இங்கிலீஷ் பேப்பரில் ஒரு வரி வந்தது, பெட்டி ரெண்டு கோல் போட்டாள் என்று. டீக்கடையிலிருந்து கேட்டு வாங்கிக்கொண்டு வந்து அப்பாவிடம் காட்டினேன். இங்கிலீஷ் எழுத்துகளை யார்டு போர்டுகளில் பார்த்துப் பழகியவர் அவர். ஒவ்வொரு எழுத்தாக விரல் வைத்துத் தேடினார்.

"இதுல எங்கம்மா நீ இருக்க?" என்றார்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அப்பா மேல் இல்லை, யார் மேல் என்றும் தெரியவில்லை. பேப்பரை மடித்து அடுப்பில் போட்டேன். அன்றைக்கு முடிவு செய்தேன், பள்ளி முடிவதற்குள் ஒரே ஒரு ஆட்டம், ஒன்றே ஒன்று, எல்லம்மா என்ற பேரில் ஆடியே தீருவது என்று.

ஐம்பத்தேழு நவம்பரில் நான் எஸ்.எஸ்.எல்.சி. லீக் முடிய ரெண்டு சனிக்கிழமைதான் பாக்கி. வியாழக்கிழமை பிராக்டீஸுக்குப் போகும் ரயிலில் ஜன்னல் ஓரம் உட்கார்ந்திருந்தபோது அந்தக் கணக்கு எனக்குத் திடீரென்று பிடிபட்டது. பக்கத்திலிருந்த, என்னோடு ஆடுகிற முத்தம்மாவிடம் சொன்னேன், அவள் வாயைப் பிளந்தாள். உடனே எழுந்து எதிர் சீட்டிலிருந்த டீச்சரிடம் போய் நின்றேன்.

"டீச்சர், நாம போறதாலதான் அவங்க லீக்குல நிக்கறாங்க. அவங்க நிக்கறதாலதான் நாம வெளிய நிக்கறோம். இது என்னா பேஜார் டீச்சர்?"

டீச்சருக்கு அது புதிய சேதி இல்லை என்பது முகத்திலேயே தெரிந்தது.

"போகலன்னா உங்க கையில ஸ்டிக்கே இருக்காது, எல்லம்மா," என்றார். "பேரு இல்லாம ஆடறதா, ஆடாமயே இருக்கறதான்னு எனக்கு ரெண்டே வழிதான் இருந்துச்சு. நான் உங்கள ஆட விட்டேன்."

டீச்சரைக் கோபித்துக்கொள்ள எனக்கு வாய் வரவில்லை. ஆனால் கோபம் இருந்ததே, அது போய் டோரீன் மேல் விழுந்தது. டோரீன்தான் வினிஃப்ரெட்ஸ் காப்டன். ஒல்லியாக, நெற்றியில் முடி விழுந்துகொண்டே இருக்கும். தமிழ் நன்றாகப் பேசுவாள். அவள் வீட்டில் சமைக்கிறவளும் துவைக்கிறவளும் தமிழர்கள், அவளுடைய பாட்டியும் தமிழச்சிதான் என்று வெளியே சொல்லாத பேச்சு ஒன்று உண்டு. அன்றைக்குப் பிராக்டீஸ் முடிந்து, அவர்கள் பள்ளிக் குழாயடியில் கால் கழுவிக்கொண்டிருந்தாள். அவளிடம் எல்லாவற்றையும் கொட்டினேன். உங்கள் பள்ளியில் ஆட நாலு பேர்தான் மிச்சம், வரும் வருஷம் பள்ளியையே மூடப் போகிறார்கள், நீயும் ஜனவரியில் கப்பல் ஏறப்போகிறாய், போகிற பள்ளிக்கு எதற்கு இந்த இடம் என்று கேட்டேன். கேட்டது தப்பே இல்லை. கேட்ட விதம் கொஞ்சம் காரம்தான்.

"ஒரு தடவ, ஒரே ஒரு தடவ என் பேர்ல ஆடணும் டோரீன். எங்கப்பா பேப்பர்ல தேடனா நான் அதுல இருக்கணும்."

அவள் குழாயை மூடினாள். சனிக்கிழமை சீக்கிரம் வா என்று மட்டும் சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டாள். திமிரைப் பார் என்று நினைத்துக்கொண்டேன். பிறகுதான் முத்தம்மா சொன்னாள், மீதி ரெண்டு ஆட்டத்தையும் ஆடிவிட்டுப் பள்ளிக் கொடியை மடித்து எடுத்துப்போக வேண்டும் என்பது டோரீனுக்கு ஆசை என்று. அவள் அம்மா, பெரியம்மா எல்லாரும் அந்தக் கரும்பச்சையில் ஆடியவர்கள்.

சனிக்கிழமை பனி அப்படி ஒரு பனி. மைதானத்தின் அந்தப் பக்கத்துக் கோல் கம்பமே தெரியவில்லை. எதிரே கான்வென்ட் பெண்கள் வெள்ளை உடுப்பில் வரிசையாக நின்றார்கள், தலைகள் மட்டும் மிதந்தன. ஊர்ச் சத்தம் எதுவும் அங்கே எட்டவில்லை. நோயல் சார் தொப்பியை இறக்கிவிட்டுக்கொண்டு பேர்களைப் படிக்கச் சொன்னார். டோரீன் முன்னால் போனாள். முதலில் அவள் பேர், அப்புறம் அவர்கள் பள்ளியின் மற்ற மூன்று பேர். அதன்பின் எங்கள் பக்கம் திரும்பினாள்.

"முத்தம்மா," என்றாள். "ருக்கு. கன்னியம்மா."

நான் முத்தம்மாவைத் திரும்பிப் பார்த்தேன். அவள் படித்துக்கொண்டே போனாள், ஒரு பேரும் தப்பவில்லை. கடைசியில், "எல்லம்மா," என்றாள். அந்தப் பனிக்குள் என் பேர் எங்கேயோ போய்விட்டுத் திரும்பி வந்து என் காதில் விழுந்த மாதிரி இருந்தது.

நோயல் சார் தொப்பியைத் தூக்கினார். முதன்முறையாக எங்கள் முகங்களைப் பார்த்தார். அவர் கெட்டவர் இல்லை. டோரீனிடம் மெதுவாக, இன்னொரு தரம் படி, சரியாகப் பார்த்துப் படி என்றார். பழைய பேர்களைச் சொன்னால் போதும், ஆட்டம் நடக்கும். டோரீன் இன்னொரு தரம் படித்தாள். அதே பேர்கள். எல்லம்மா என்பதை இந்தத் தடவை இன்னும் உரக்கச் சொன்னாள்.

நாலு பேர் ஆறு ஆகாது. விசில் ஊதினார். வினிஃப்ரெட்ஸ் லீக்கிலிருந்து போயிற்று.

ஆள் இல்லாத ஆட்டத்துக்கும் அங்கே ஒரு முறை உண்டு. நாங்கள் கோட்டுக்கு வெளியே வந்து நின்றோம். கான்வென்ட்டின் நடு ஆட்டக்காரி பந்தின் முன் குனிந்து, எதிரே ஒருவரும் இல்லாமல், தரையையும், எதிராளியின் ஸ்டிக் இருக்க வேண்டிய காற்றையும் மாறி மாறித் தட்டினாள். பிறகு பந்தைத் தள்ளிக்கொண்டு தனியாகப் பனிக்குள் நடந்தாள். கொஞ்ச நேரம் கழித்து, காலிக் கோலின் பலகையில் பந்து மோதும் சத்தம் வந்தது. டோரீன் அழவில்லை. நான்தான் ஓ என்று அழுதேன். கேட்டது கிடைத்தால் சந்தோஷப்பட வேண்டும் என்று யார் சொன்னது?

காலியான இடம் வழக்கப்படி உடனே அடுத்த பள்ளிக்கு, மீதி ஆட்டத்தோடு சேர்த்து. மறு சனிக்கிழமை கனகவல்லி லீக்கில் இறங்கியது. ஸ்டிக்குகளை வினிஃப்ரெட்ஸில் யாரும் திருப்பிக் கேட்கவில்லை. எங்கள் பள்ளியின் நீலப் பாவாடையை ஏற்றிச் செருகி, தாவணியை இடுப்பில் முடிந்துகொண்டு நின்றோம். அப்பா யார்டில் லீவு சொல்லிவிட்டு வந்து, காக்கிச் சட்டையோடு கோட்டு ஓரத்தில் நின்றார். காப்டன் நான்தான். பதினொரு பேரையும் நானே படித்தேன். என் பேரை மட்டும் வாய்க்குள்ளேயே சொல்லிவிட்டேன், நோயல் சார் இன்னொரு தரம் கேட்டார்.

தோற்றோம். நாலு கோல். நான் ஒன்றும் போடவில்லை. ரெண்டு முறை கோலுக்கு நேரே நின்று தவறவிட்டேன். ஆட்டம் முடிந்து அப்பா என் தலையில் கை வைத்துவிட்டு, ரயிலுக்கு நேரமாயிற்று என்று போனார். நான் புல்லில் உட்கார்ந்தேன். டோரீன் வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். எப்படி இருந்தது என்று கேட்டாள்.

"பயமா இருந்துச்சு," என்றேன். "இத்தன நாளு இப்படி பயந்ததே இல்ல. தப்பு பண்ணா யாரோ ஒருத்தி பண்ணதுன்னு விட்டுடுவேன். இன்னிக்கு அத்தனையும் என் தலமேலயே விழுது டோரீன்."

அவள் புல்லைப் பிடுங்கிக்கொண்டிருந்தாள். பனி கரைந்து, மைதானம் முழுக்கத் தெரிந்தது. தூரத்தில் அடுத்த ஆட்டத்துக்குப் பெண்கள் இறங்கிக்கொண்டிருந்தார்கள்.

"அங்க போனா ஒருத்தருக்கும் என்னத் தெரியாது," என்றாள் டோரீன். "எங்க அங்கிள் லெட்டர் போட்டிருக்காரு. இந்தியாவுல பொறந்தேன்னு ஸ்கூல்ல சொல்லாதேன்னு எழுதியிருக்காரு. நான் யாரா நிக்கப் போறேன்னு தெரியல, மேன்."

மூன்று வருஷமாக அவள் கூப்பிட்ட பேருக்கெல்லாம் ஓடினேன், அவளை ஒரு நாளும் நான் சரியாகப் பார்த்ததில்லை என்று அப்போதுதான் தோன்றியது. அவளைப் போகவிட எனக்கு மனசே வரவில்லை. அவள் கையைப் பிடித்துக்கொண்டு, டோரீன், டோரீன் என்று சும்மாவே கூப்பிட்டேன். அவளும் ஒவ்வொரு தடவையும் ம் என்றாள்.