புதைக்கிற கட்டம்

நாடக ஒத்திகை பார்க்க வந்த தாளாளர் தங்கசாமி முன்வரிசையில் செருப்பைக் கழற்றிவிட்டு உட்கார்ந்தார். திருச்செங்கோட்டில் நாலு போர்வெல் லாரி, புதுச்சத்திரம் பக்கம் பன்னிரண்டு ஏக்கர், இந்தக் கல்லூரி, எல்லாம் அவருடையவை. ஆங்கிலம் நடத்தும் மைதிலி சுவரோரமாக நின்றாள். ஆண்டு விழாவுக்கு இன்னும் இரண்டு நாள்.

மேடையில் பிணம் கிடந்தது. மாணவி இனியா அரசனிடம் கேட்டாள்: “செத்தவரை எடுத்துப்போக வழி விடுங்கள்.” அரசன் மறுத்தான். சுற்றி நின்ற பெரியவர்கள், அரசர் சொன்னால் சரியாகத்தான் இருக்கும் என்று ஒரே குரலில் சொன்னார்கள்.

தங்கசாமி கையைத் தூக்கினார்.

“ஏனுங்க மேடம், இதை யாரு எழுதுனது?”

“கிரேக்க நாட்டுக்காரருங்க ஐயா. ரெண்டாயிரத்து நானூறு வருசம் ஆச்சு.”

“அவனுக்கு எங்க தோட்டத்துத் தடம் எப்படித் தெரிஞ்சுது?”

யாரும் சிரிக்கவில்லை. காலனிச் சுடுகாட்டுக்கு அவர் தோட்டம் வழியாகத்தான் தடம். போன மாதம் இனியாவின் பெரியப்பாவைத் தூக்கி வந்தவர்கள் அங்கே புதிதாகக் கம்பிவேலியைக் கண்டார்கள். மத்தியானம் வரை பிணம் தார்ரோட்டில் கிடந்தது. அதிகாரி வந்தார், பேசினார், போனார். கடைசியில் ஏரியைச் சுற்றி நாலு கிலோமீட்டர் கொண்டுபோனார்கள்.

மைதிலி இந்த நாடகத்தை யோசித்துத்தான் எடுத்தாள். யோசித்ததை யாரிடமும் சொல்லவில்லை.

“முடிவு என்னங்க?”

“அந்தப் பொண்ணு தடையை மீறிப் புதைக்குமுங்க. அதனால அது சாகும். ராசா மகனும் செத்துப்போவான். ராசா மட்டும் மிஞ்சுவாரு.”

தங்கசாமி மேடையில் கிடந்த பிணத்தைப் பார்த்தார்.

“எம்பையன் மதன் விழாவுக்கு வாரான். நல்ல நாள் அதுவுமா மேடையில எழவு வேண்டாமுங்க. இல்லீன்னா டான்ஸ் வெச்சுக்கலாம்.”

பதினொரு வருடத்தில் மைதிலி இப்படி எத்தனையோ காட்சிகளை வெட்டியிருக்கிறாள். சண்டை போடத் தெம்பில்லை.

“புதைக்கிறதுக்கு முன்னாலயே நிறுத்திக்கலாமுங்க. சாவெல்லாம் அதுக்கப்புறம்தான்.”

அவர் தலையாட்டிவிட்டுச் செருப்பைத் தேடினார்.

கார் போனதும் இனியா கேட்டாள். “அப்ப அவரு மாட்டேன்னு சொன்னதோட முடியுதுங்களா மேடம்?”

“ஆமா. கோவமா?”

“இல்லீங்க. ஊர்லயும் அதோடதான நிக்குது.”

பிணமாகக் கிடந்த சந்தோஷ்குமார் பாயிலிருந்து தலையைத் தூக்கினான். “என்னைய எப்பத்தான் தூக்குவாங்க? நான் எப்ப எந்திரிக்கறதுங்க மேடம்?”

மைதிலி பிரதியை மூடினாள்.

“எந்திரிக்காத சாமி. திரையும் போட வேண்டாம். சனம் கலையற வரைக்கும் அங்கயே கெட.”